குடியிருப்புப் பகுதி என்பது யாதெனில்

மனித குலத்தை முன்னே தள்ளிய மகத்தான போராட்டங்கள் எல்லாம் பெருந்தெருக்களிலும் சிறைக்கூடங்களிலும்தான் பிறந்தன என்று எழுதிவைத்திருக்கிறார்கள். எழுதியவர்களில் ஒருவர்கூட நமது பல் டாக்டரின் மொட்டை மாடிக்கு ஏறிப் பார்த்ததில்லை. பார்த்திருந்தால், காற்றின் கற்பைக் காக்க ஒரு தனிமனிதர் நடத்திய அறப்போர் அங்கே, தண்ணீர்த் தொட்டிக்கும் துணிக்கொடிக்கும் நடுவில்தான் தொடங்கியது என்பதை அறிந்து புல்லரித்துப்போயிருப்பார்கள்.

டாக்டருக்குக் கீழே கிளினிக், மேலே வீடு. தெரு நலச் சங்கத்துக்கும் அவரே தலைவர். தேர்தல் என்று எதுவும் நடக்கவில்லை. பத்துப் பதினைந்து பேர் உட்கார நாற்காலி போட்ட இடம் அந்தத் தெருவில் அவரிடம் மட்டும்தான் இருந்தது. தலைமைப் பண்புக்கு அது போதாதா?

கடைத்தெருவில் ஒரு பழைய கட்டடத்தின் தலையில் செல்போன் கோபுரம் ஒன்று நின்றிருந்தது. கட்டடத்தை இடித்தபோது கோபுரமும் போயிற்று. புது இடம் தேடிக் கம்பெனி இன்ஜினியர் தெருவுக்குள் வந்தார். நேராக டாக்டரின் மாடிக்குத்தான் ஏறினார். டாக்டர் வெள்ளைக் கோட்டோடு பின்னாலேயே ஏறி, மாடியின் நான்கு மூலைகளையும், காற்றோட்டத்தையும், பக்கத்தில் மரம் எதுவும் மறைக்காத அழகையும் ஒன்றுவிடாமல் எடுத்துச் சொன்னார். வாடகையைப் பற்றி நாகரிகமாக எதுவும் கேட்கவில்லை; "மாசம் முதல் தேதியே வந்துடும்ல?" என்று மட்டும் கேட்டார்.

இன்ஜினியர் குதிகாலால் தளத்தை இரண்டு தட்டுத் தட்டினார். காதைச் சாய்த்துக் கேட்டார்.

"சார், பல்லு வெளியில பார்க்க நல்லா இருக்கும், உள்ள சொத்தையா இருக்கும்ல? அந்த மாதிரி இருக்கு உங்க தளம். துணி காயப்போடுங்க. டவரெல்லாம் தாங்காது."

பல் டாக்டரிடமே சொத்தையைப் பற்றிப் பேசிவிட்டு அந்த மனிதர் கீழே இறங்கி, தெருவைக் கடந்து, எதிர்வீட்டு டெய்லரம்மாவின் மாடிக்கு ஏறினார். குறுகலான வீடுதான். ஆனால் மூன்று மாடி, உறுதியான தூண்கள். மாதம் முடிவதற்குள் அங்கே கோபுரம் எழுந்துவிட்டது.

அன்றைக்கே டாக்டருக்குள் விஞ்ஞானம் விழித்துக்கொண்டது.

கதிர்வீச்சைப் பற்றிப் பேச அவருக்கு முழுத் தகுதி உண்டு. கிளினிக்கில் ஓர் எக்ஸ்ரே கருவி வைத்திருக்கிறார். அதை நோயாளியின் கன்னத்தில் பொருத்தி, "ஒண்ணும் ஆகாது, ஆடாம அசையாம இருங்க" என்று தைரியம் சொல்லிவிட்டு, அறைக்கு வெளியே போய், சுவருக்குப் பின்னால் ஒளிந்து நின்றுதான் பொத்தானை அழுத்துவார். அதன் ஆபத்தை அவ்வளவு துல்லியமாக உணர்ந்தவர் அந்தத் தெருவில் வேறு யார்?

சங்கத்தின் 'அவசரக் கூட்டம்' கிளினிக்கில் கூடியது. நோயாளிகளைக் காக்கவைக்க முடியாதென்பதால் டாக்டர் ஒருவருக்குப் பல்லைக் குடைந்துகொண்டே தலைமை தாங்கினார். அவருடைய உதவியாளப் பெண் ஒரு கையால் எச்சில் உறிஞ்சும் குழாயைப் பிடித்துக்கொண்டு, மறு கையால் கூட்டக் குறிப்பு எழுதினாள். பின்சந்திலிருந்து வேலைக்கு வருபவள். கையெழுத்து மணிமணியாக இருக்கும்.

மளிகைக் கடைக்காரர் எழுந்தார். அவர் பொருளாளர்.

"அந்த டவர் வந்ததுலேர்ந்து எனக்குத் தூக்கமே இல்லைங்க."

"எனக்குத் தூக்கம் தூக்கமா வருதுங்க" என்றார் டிரைவிங் ஸ்கூல் நடத்துபவர். அவர் செயலாளர்.

டாக்டர் குடைவதை நிறுத்தினார். "கவனிச்சீங்களா? ஒரே கதிர், ரெண்டு பேரை ரெண்டு விதமாத் தாக்குது. எவ்வளவு தந்திரம் பாருங்க! எழுதிக்கம்மா."

உதவியாளப் பெண் எழுதிக்கொண்டாள்.

"அது மட்டுமில்ல டாக்டர்" என்றார் செயலாளர். "எங்கிட்ட ஓட்டக் கத்துக்கறவங்க எல்லாரும் டெஸ்ட்ல ஃபெயில் ஆகறாங்க. முன்னெல்லாம் பாதிப் பேர்தான் ஆவாங்க."

அரங்கம் அதிர்ச்சியில் உறைந்தது. டாக்டர் குரலை உயர்த்தினார். "சொத்தைப் பல்லை என்ன செய்வோம்? வேரோட பிடுங்குவோம். மக்கள் குடியிருக்கிற பகுதியில இந்த டவரையும் வேரோட பிடுங்கணும்னு வழக்குப் போடுறதா தீர்மானம். ஆதரிக்கிறவங்க கை தூக்கலாம்."

எல்லாக் கைகளும் உயர்ந்தன. நாற்காலியில் வாயைப் பிளந்து படுத்திருந்த நோயாளியின் கைதான் முதலில் உயர்ந்தது. அதுவும் இரண்டு கைகள். ஏகமனதாகத் தீர்மானம் நிறைவேறியதாக டாக்டர் அறிவித்தார்.

நோயாளி பஞ்சைத் துப்பிவிட்டு எழுந்து உட்கார்ந்தார்.

"டாக்டர், வலிச்சா கையைத் தூக்கச் சொன்னீங்க. அதான் தூக்கினேன்."

"ஓ! நீங்க சங்கத்து ஆள் இல்லையா?"

"நான் வக்கீல்" என்றார் நோயாளி. தாடையைத் தடவியபடி ஒரு நொடி யோசித்தார். "வழக்குன்னா சொன்னீங்க? அப்ப சரி. தூக்கின கை தூக்கினதாவே இருக்கட்டும்."

ஒருவர் வாயால் பிழைப்பவர், இன்னொருவர் வாய்தாவால் பிழைப்பவர். ஒத்துப்போவதற்குக் கேட்கவா வேண்டும்?

வழக்கு வந்தது. முதல் பிரதிவாதி கம்பெனி, இரண்டாம் பிரதிவாதி டெய்லரம்மா. கம்பெனிக்கு அங்கி போட்ட ஒரு கூட்டமே வந்திருந்தது. டெய்லரம்மா மட்டும் கழுத்தில் அளவு நாடா தொங்க, அவசரத்தில் அதைக் கழற்ற மறந்து, பின்பெஞ்சில் உட்கார்ந்திருந்தார்.

நமது வக்கீல் கர்ஜித்தார். "கனம் நீதிபதி அவர்களே! 'குடியிருப்புப் பகுதி' என்பது யாது? மனிதன் உண்டு, உறங்கி, பிள்ளை குட்டியோடு வாழும் புனிதமான இடம். அந்த இடத்தின் தலையில் கதிர்வீச்சைக் கொட்டலாமா? மனிதன் இருக்கும் இடத்தில் கோபுரம் இருக்கலாகாது. கோபுரம் இருக்கும் இடத்தில் மனிதன் இருக்கலாகாது!"

இரண்டாவது வாக்கியத்தில் அடுக்குமொழிக்கு அப்பால் என்ன இருக்கிறதென்று அன்று யாரும் யோசிக்கவில்லை. டாக்டருக்கு மயிர்க்கூச்செறிந்தது. இறுதித் தீர்ப்பு வரை கோபுரத்தை இயக்கக் கூடாதென்று இடைக்காலத் தடை கிடைத்தது.

"இத்தனை வருஷம் எனக்குத் தாடைதான் தெரியும். தடையோட பலம் இப்பத்தான் தெரியுது" என்று டாக்டர் வாசலில் நின்று பேட்டி கொடுத்தார். பேட்டி எடுக்க யாரும் வரவில்லை. மளிகைக் கடைக்காரரிடம்தான் கொடுத்தார்.

வெற்றிச் செய்தியை வெளியூரில் இருக்கும் மகளுக்குச் சொல்லலாமென்று வீட்டுக்கு வந்து செல்போனை எடுத்தார். அதில் சிக்னல் கோடு ஒன்றுகூட இல்லை.

பழைய கோபுரம் இடிந்துபோயிற்று, புதிய கோபுரம் வாய்மூடி நிற்கிறது. தெருவில் காற்று மிகமிகச் சுத்தமாக இருந்தது. அத்தனை சுத்தமான காற்றில் ஒரு 'ஹலோ'கூடப் பறக்க முடியவில்லை.

மறுநாள் காலையிலிருந்து தெரு ஒரு மாதிரியாக நடந்துகொள்ளத் தொடங்கியது. மளிகைக் கடைக்காரர் செல்போனை ஒட்டடைக் குச்சியில் கட்டி ஜன்னலுக்கு வெளியே நீட்டினார். டிரைவிங் ஸ்கூல் கார் சிக்னலைத் தேடித் தேடி மெதுவாக ஊர்ந்தது. கற்றுக்கொள்பவர்கள் நிதானமாக ஓட்டப் பழகினார்கள். டாக்டர் மட்டும் கௌரவமாக இருந்தார். கிளினிக் கதவைச் சாத்திக்கொண்டு, நோயாளி படுக்கும் நாற்காலியை அது எவ்வளவு உயரம் போகுமோ அவ்வளவு உயரம் ஏற்றி, அதன்மேல் நின்று கையைத் தூக்கிப் பார்த்தார்.

உதவியாளப் பெண் கதவைத் திறந்தாள். "டாக்டர், பல் பிடுங்க ஒருத்தர் வந்திருக்காரு. உள்ள அனுப்பவா, நீங்க இறங்கினப்புறம் அனுப்பவா?"

டாக்டரின் மனைவிக்கு இந்தக் கஷ்டமெல்லாம் இல்லை. அந்த வட்டாரத்திலேயே உயரமான இடம் டெய்லரம்மாவின் மொட்டை மாடி. தூரத்துக் கோபுரம் ஏதோ ஒன்றிலிருந்து அங்கே மட்டும் இரண்டு கோடு கிடைத்தது. டாக்டர் மனைவி தினமும் ஏறிப்போய் மகளிடம் பேசிவிட்டு வந்தார்.

"எதிரி வீட்டுக்கா போற?" என்று டாக்டர் பொங்கினார்.

"கேஸ் போட்டது நீங்க. நான் போடல" என்றார் மனைவி. "நம்ம பொண்ணுக்குப் பிரசவ நாள் நெருங்கிடுச்சு. உங்க பொண்ணு உங்களைப் பத்தித்தான் கேட்டா. 'அப்பா ஏன் பேசவே மாட்டேங்கிறாரு'ன்னு."

"என்ன சொன்ன?"

"உலகத்தைக் காப்பாத்திட்டு இருக்காருன்னு சொன்னேன்."

ஒரு முற்பகலில், மகளை ஆஸ்பத்திரியில் சேர்த்துவிட்டார்கள் என்று மனைவி எதிர்வீட்டு மாடியிலிருந்து கத்திச் சொன்னார். வாயைப் பிளந்து படுத்திருந்த நோயாளியை அப்படியே விட்டுவிட்டு, டாக்டர் கையுறையைக்கூடக் கழற்றாமல் தெருவைக் கடந்து ஓடினார். எதிர்வீட்டு வாசலில் கால் நின்றுவிட்டது.

டெய்லரம்மா தையல் மெஷினிலிருந்து தலை தூக்கினார். "ஏன் நிக்கறீங்க டாக்டர்? என்மேலதான கேஸு? படிமேல இல்லையே. ஏறுங்க. மூணாவது படி மட்டும் ஆடும், பார்த்து."

மாடியில் டாக்டர் கண்ட காட்சி, அவர் கற்பனைகூடச் செய்திராதது. தெரு நலச் சங்கத்தின் நிர்வாகக் குழு முழுவதும் அங்கே இருந்தது. கோபுரத்தின் காலடியில், ஆளுக்கொரு மூலையில், காதில் செல்போனோடு. மளிகைக் கடைக்காரர் கோபுரத்தின் இரும்புக் காலைக் கட்டிப்பிடித்துக்கொண்டு பேசினார். அங்கே இன்னும் தெளிவாகக் கேட்குமாம். டிரைவிங் ஸ்கூல்காரர் வக்கீலிடம் சத்தம் போட்டுக்கொண்டிருந்தார்.

"தடையை நீட்டிச்சுடுங்க சார்! விட்றாதீங்க! என்ன? கேக்கலையா? இருங்க, இன்னும் கொஞ்சம் டவர் பக்கத்துல வர்றேன்!"

டாக்டர் மனைவியின் கையிலிருந்து போனை வாங்கினார். பக்கத்து மூலைகளெல்லாம் தாமாகவே அமைதியாயின. வெகுநேரம் ஒன்றும் கேட்கவில்லை. பிறகு மருமகனின் குரல் விட்டுவிட்டு வந்தது. "பொண்ணு... மாமா... ரெண்டு பேரும் நல்லா..." கூடவே ஒரு சின்னஞ்சிறு அழுகை. பல் இல்லாத வாயிலிருந்து வரும் அழுகை. டாக்டர் அதைத் தன் தொழில் வாழ்க்கையில் கவனித்துக் கேட்டதே இல்லை. கையுறையோடு கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

இறங்கி வரும்போது டெய்லரம்மா நிறுத்தினார். "பேத்தியா? ரொம்ப சந்தோஷம். ஒரு நிமிஷம் நில்லுங்க. இந்த ஊசியில நூலைக் கோத்துத் தந்துட்டுப் போங்க. உங்களுக்குப் பல்லிடுக்கையே பார்க்கிற கண்ணு."

டாக்டர் கோத்துக் கொடுத்தார்.

"எனக்குக் கண்ணு போயிட்டு இருக்கு" என்றார் டெய்லரம்மா, கையுறை போட்ட விரல்களைப் பார்த்தபடி. "வாடகை வந்தா மெஷினை மூடிப் போட்டுடலாம்னு நெனச்சேன். தடைன்னதும் கம்பெனிக்காரன் வாடகையையும் நிறுத்திட்டான். பரவால்ல. கை ஓடுற வரைக்கும் ஓட்டறேன்."

டாக்டரின் மனம் கூசியது. பல் கூச்சத்துக்கு அவரிடம் பற்பசை உண்டு. இதற்கு இல்லை. வழக்கைத் திரும்பப் பெற்றுவிடுவதென்று தெருவைக் கடப்பதற்குள் முடிவு செய்துவிட்டார். சரியாகச் சொன்னால், தெருவின் பாதி அகலத்துக்குள்.

மறுபடியும் கூட்டம் கூடியது. டாக்டர் உணர்ச்சிவசப்பட்டுப் பேசினார். தெருவுக்கு டவர் வேண்டும், டெய்லரம்மா பாவம், வழக்கு வேண்டாம்.

"டவர் வேணும்தான்" என்றார் மளிகைக் கடைக்காரர். "ஆனா கதிர் வேணாமே."

"சிக்னல் இங்க வரணும்" என்றார் டிரைவிங் ஸ்கூல்காரர். "டவர் இங்க இருக்கக் கூடாது. இதுல என்ன கஷ்டம்?"

"ஜெயிக்கிற வழக்கை யாராவது வாபஸ் வாங்குவாங்களா டாக்டர்?" என்றபடி வக்கீல் ஒரு நகர வரைபடத்தை நோயாளி நாற்காலியின்மேல் விரித்தார். விளக்கை இழுத்து அதன்மேல் காட்டினார். "பாருங்க. இது நம்ம தெரு. மஞ்சள் கலர், குடியிருப்புப் பகுதி. அதுக்குப் பின்னாடி பாருங்க, கலரே இல்ல. வெறும் வெள்ளை. காலி இடம். டவரை அங்க வெச்சா நமக்கு அஞ்சு கோடும் கிடைக்கும், கதிரும் நம்ம தலையில விழாது. கம்பெனியும் சம்மதிக்கும்."

எல்லோரும் குனிந்து வெள்ளையைப் பார்த்தார்கள். அது வெகு சுத்தமாக இருந்தது.

கூட்டக் குறிப்பு எழுதிக்கொண்டிருந்த உதவியாளப் பெண் பேனாவை நிறுத்தினாள்.

"சார், அது எங்க சந்து. அங்கதான் எங்க வீடெல்லாம் இருக்கு."

"வீடு இருக்கும்மா" என்றார் வக்கீல் கனிவோடு. "குடியிருப்பு இல்ல."

"நாங்க இருக்கோமே சார்? எங்க அப்பா காலத்துலேர்ந்து."

"இருக்கீங்க. யாரு இல்லைன்னா? சமைக்கிறீங்க, தூங்குறீங்க, வாழ்றீங்க. ஆனா சட்டப்படி குடியிருக்கல. குடியிருக்கணும்னா இங்க மஞ்சளா இருக்கணும்."

அவள் டாக்டரைப் பார்த்தாள். டாக்டருக்கு ஏதோ சொல்ல வேண்டும்போல் வாய் திறந்தது. அடுத்தவர் வாய் திறந்தால் என்ன செய்வதென்று அவருக்கு நன்றாகத் தெரியும். தன் வாய் திறந்தால் என்ன செய்வதென்று தெரியவில்லை. மூடிக்கொண்டார். பிறகு, யாரையும் புண்படுத்தாத ஒரு வாக்கியத்தைத் தேடிக் கண்டுபிடித்தார்.

"எழுதிட்டியாம்மா?"

அவள் எழுதினாள். வழக்கம்போல மணிமணியாக இருந்தது. தீர்மானம் ஏகமனதாக நிறைவேறியது. இம்முறை யாருக்கும் வலிக்கவில்லை.

நீதிமன்றத்தில் எல்லாம் சுமுகமாக முடிந்தது. கம்பெனி ஒப்புக்கொண்டது. கோபுரத்தைக் குடியிருப்பல்லாத பகுதிக்கு மாற்ற வேண்டுமென்று தீர்ப்பு வந்தது. நமது வக்கீலின் வாதத்தை நீதிபதி பாராட்டி, அதன் சாரத்தையும் தீர்ப்பில் சேர்த்திருந்தார்: கோபுரத்தைச் சுற்றி உரிய தூரம்வரை மனிதர்கள் யாரும் இருக்கலாகாது.

டெய்லரம்மாவின் மாடியிலிருந்து கோபுரம் இறங்கியது. தளத்தில் போட்ட துளைகள் மட்டும் அப்படியே இருந்தன. முதல் மழையில் அவை தையல் மெஷின்மேல் ஒழுகின. டாக்டர் துக்கம் விசாரிக்கப் போனபோது டெய்லரம்மா ஓர் ஊசியையும் நூலையும் நீட்டினார்.

பின்சந்தில் கோபுரம் எழுந்தது. டாக்டரின் படுக்கையறையிலேயே ஐந்து கோடுகள் வந்தன. பேத்தி தினமும் திரையில் கொட்டாவி விட்டாள். அவளுடைய ஈறு எவ்வளவு ஆரோக்கியமாக இருக்கிறதென்று டாக்டர் மனைவிக்கு விளக்கினார். மளிகைக் கடைக்காரர் தூங்கினார். டிரைவிங் ஸ்கூல்காரர் விழித்துக்கொண்டார்.

"தெருவுல எல்லாருக்கும் தலைவலி போயிடுச்சு, பார்த்தியா?" என்றார் டாக்டர்.

"எங்க போச்சு?" என்றார் மனைவி.

டாக்டர் பேத்தியின் ஈறைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

சில நாட்களில் கம்பெனியும் நகராட்சியும் சேர்ந்து பின்சந்துக்கு வந்தன. தீர்ப்பை மதிப்பவர்கள் அவர்கள். கோபுரத்திலிருந்து நாடா பிடித்து அளந்து, அந்தத் தூரத்துக்குள் இருந்த கதவுகளிலெல்லாம் சுண்ணாம்பால் ஒரு பெருக்கல் குறி போட்டார்கள். மனிதர்களின் 'பாதுகாப்பை முன்னிட்டு' மனிதர்களை அப்புறப்படுத்தும் பணி தொடங்கியது. சந்துக்காரர்கள் தாங்களும் ஒரு சங்கம் வைத்து வழக்குப் போடலாமென்று போய்க் கேட்டார்கள். சங்கத்தைப் பதிவு செய்ய முகவரி வேண்டுமாம். காலி இடத்துக்கு முகவரி கிடையாதாம்.

உதவியாளப் பெண் குழாயைக் கழுவி மாட்டிவிட்டு, டாக்டரின் முன்னால் வந்து நின்றாள்.

"டாக்டர், ரெண்டு நாள் லீவு வேணும். வீடு மாத்தறோம்."

"எங்க?"

"ஊருக்கு வெளிய. பஸ்ஸை விட்டு இறங்கி அரைமணி நேரம் நடக்கணும். அங்கதான் எடம் குடுத்திருக்காங்க."

"லீவுதான, தாராளமா எடுத்துக்க. ஏதாவதுன்னா போன் பண்ணு."

"அங்க போன் எடுக்காது டாக்டர். டவரே கிடையாது."

டாக்டரின் முகம் மலர்ந்தது. நாற்காலியை விட்டு எழுந்தே விட்டார். ஒரு போராட்டத்தின் பலனை உயிரோடு, கண்ணெதிரே, தன் கிளினிக்கிலேயே காணும் பேறு எத்தனை தலைவர்களுக்கு வாய்க்கும்?

"டவரே கிடையாதா? கொடுத்து வெச்சவம்மா நீ!" என்றார் டாக்டர் தழுதழுத்த குரலில். "நான் இவ்வளவு நாள் போராடினது யாருக்காகன்னு இப்பத்தான் எனக்கே புரியுது."